டோரத்தி அப்பாவின் வாயும் என் வாயும்

அக்டோபர் 10, 1998. சனி

இன்று ஈஸ்ட் பிரன்ஸ்விக் நூலகத்தில் இருந்தவர்கள்: நான், மகள் எழிலரசி, மாப்பிள்ளை சபரிநாதன், பேத்தி வான்மதி, பக்கத்து வீட்டு டோரத்தி, அவள் சக்கர நாற்காலியைத் தள்ளிய பெண், பியானோ வாசித்த தாடிக்காரர், பின்வரிசையில் தூங்கிய இரண்டு கிழவர்கள். ஒருத்தரையும் விடவில்லை. நாளைக்கு யாரும் மாற்றிச் சொல்ல முடியாது.

டோரத்தியின் அப்பா எட்வின் ஹார்க்ரேவ் நடித்த ஊமைப்படம் போட்டார்கள். இங்கிலாந்தில் இருபது வருஷம் மேடையில் ராஜா வேஷம் கட்டியவர். கடைசி வரிசைவரை கேட்கும் குரலாம். இங்கே பக்கத்தில், அந்தக் காலத்தில் சினிமா எடுத்த ஊரான ஃபோர்ட் லீக்கு வந்து பதினோரு படம், அத்தனையும் ஊமைப்படம். பேசும் படம் வந்ததும், மேடைக் குரல் மைக்குக்கு ஆகாது என்று அனுப்பிவிட்டார்கள். பிறகு கடையில் தொப்பி விற்றிருக்கிறார்.

வாயைக் கட்டி வேலை வாங்கினார்கள். கட்டை அவிழ்த்ததும் வேண்டாமாம். என்ன நியாயம் இது?

படத்தில், சாகக் கிடக்கும் மகளிடம் பேசுகிறார். வசனம் காட்டும் அட்டையில் ஒரே வரி வந்தது. அவர் வாய் அசைந்துகொண்டே இருந்தது. டோரத்தி ஏதோ சொன்னாள், வான்மதி எனக்குத் தமிழில் சொன்னாள்: "அம்மாயி, யாருக்கும் கேக்காதுன்னு தெரிஞ்சும் ஃபுல் டயலாக் பேசுவாராம். ஒரு வேர்ட்கூட ஸ்கிப் பண்ண மாட்டாராம்."

"ரொம்ப ஸ்லோவா இருக்குங்க அத்தை, கிளம்பலாமா?" என்றார் மாப்பிள்ளை. நான் அசையவில்லை.

அக்டோபர் 11

நானும் அப்படித்தான் பேசினேன்.

என் வீட்டுக்காரருடைய நாடகக் கம்பெனியில் பதினான்கு வருஷம் கதாநாயகி. இரண்டாம் வகுப்போடு நின்றவளுக்கு நாடகப் பாடத்தை வைத்துத்தான் எழுத்து வந்தது. 1962இல் ஒரே ஒரு சினிமா. படம் பிடித்தார்கள், குரல் பதிவுக்குக் கூட்டிப்போக மெட்ராஸிலிருந்து ஆள் வரும் என்றார்கள். வரவில்லை. பொள்ளாச்சிக் கொட்டகையில் பார்த்தால் என் முகம் வாயைத் திறக்கிறது, தங்கை கலாவதியின் குரல் வருகிறது. மரகதத்துக்குத் தொண்டை போய்விட்டது என்று ஊரே பேசியது.

முப்பத்தாறு வருஷமாக அவளோடு பேச்சில்லை. இப்போது டெக்சாஸில், ரவுண்ட் ராக்கில் மகன் வீட்டில் இருக்கிறாள். இருக்கட்டும்.

அன்று என் பக்கம் நின்றது அவர் ஒருத்தர்தான். "விடு, உனக்கு நம்ம நாடகம் இருக்கு" என்றார். அவர் பெயரை நான் சொன்னதும் இல்லை, எழுதினதும் இல்லை. புருஷன் பெயரைச் சொல்லுவார்களா? கிரீன் கார்டு ஃபாரத்தில்கூட எழில்தான் எழுதினாள்.

அக்டோபர் 17

எடிசன் ஊர் இந்தியக் கடைக்காரர் நான் நடித்த அந்தப் படத்தின் கேசட்டைத் தேடிக் கொடுத்தார். வான்மதியிடம் சத்தத்தை நிறுத்தச் சொன்னேன். டிவியில் என் உதடு அசைய அசைய என் வசனத்தை நானே சொன்னேன். ஒரு எழுத்து பிசகவில்லை.

"அம்மாயி, உங்ககூடவே பேசறீங்க."

"வேற யாரு கேட்டாங்க?"

சத்தத்தை வைத்துக் கேட்டேன். கலாவதி பாதி வசனத்தை முழுங்கியிருக்கிறாள், பாவி.

"கால் பண்ணித் திட்டுங்க," என்றாள் வான்மதி.

அக்டோபர் 18

திட்டத்தான் கூப்பிட்டேன்.

"என் வாயில உன் குரலை வச்சியே, கூசலையா உனக்கு?"

"அக்கா, உனக்குத் தொண்டையில கட்டின்னு மாமாதான் சொன்னாரு. டைரக்டர்கிட்டயும் அதையேதான் சொன்னாரு. மெட்ராஸுக்கு என்னைக் கூட்டிட்டுப் போனதே அவருதான். திரும்பி வந்து பாத்தா நீ மேடையில பாடிட்டிருக்கே. கேட்டதுக்கு, இந்தக் குரலு சினிமாவுக்குப் போயிட்டா என் கம்பெனியில யாரு நிப்பாங்கன்னாரு."

"ஏன் எங்கிட்டச் சொல்லலை?"

"நீ கதவைத் திறந்தியாக்கா?"

மூன்று தடவை வந்தாள். எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. மூன்று தடவையும் வாசலில் நின்று அவளைத் திருப்பி அனுப்பியது அவர். எனக்காகக் கோபப்படுகிறார் என்றல்லவா நினைத்தேன் — எனக்காக!

அக்டோபர் 19. தீபாவளி

எழில் அவர் படத்துக்கு முன்னால் புது வேட்டியும் அதிரசமும் வைத்தாள்.

"அம்மா, அப்பாவுக்குக் கற்பூரம் காட்டுங்க."

"நீ காட்டு."

"ஏம்மா, கை வலிக்குதா?"

"கை நல்லாத்தான் இருக்கு."

படத்துக்கு எதிரில் நின்று என் வசனம் முழுவதையும் சொன்னேன். கொட்டகைக் குரலில். மாடியிலிருந்து மாப்பிள்ளை ஓடி வந்தார்.

கலாவதிக்கு அதிரசம் அனுப்பச் சொல்லியிருக்கிறேன். பாதி வசனத்தை முழுங்கியதை மறக்கவில்லை; அதை நேரில் கேட்டுக்கொள்கிறேன்.

மன்னிக்கவே முடியாதது ஒருத்தரை. இந்தக் கை இதுவரை எழுதாத பெயர்.

திருமூர்த்தி.