திரையில் உங்கள் பக்கத்தில் நின்றவள்

ஹவுன்ஸ்லோ மருந்துக்கடையில் ஒரு பெண் முகக்கிறீம் டப்பாவைத் திறந்து மணந்து பார்த்தாள். ரோசாப்பூ வாசம். உங்கள் முகத்தின் வாசம். கூடையோடு அப்படியே நின்றுவிட்டேன். நீங்கள் போய் இருபது வருடத்துக்கு மேலாகிறது.

நாங்கள் ஜேர்மனியிலிருந்து லண்டனுக்கு வந்து உங்கள் வீட்டு மேல்மாடியில் குடியேறியபோது உங்களுக்குத் தொண்ணூறு வயது நெருங்கியிருந்தது. படிக்கட்டில் நான் மகளை ஜேர்மன் மொழியில் அதட்டியதைக் கேட்டு எட்டிப் பார்த்தீர்கள். அன்றிலிருந்து பின்னேரத் தேநீர் உங்களோடுதான். பதினேழு வயதில் பெர்லினில் பேசாப்படத்தில் நடிக்கத் தொடங்கியது, ஸ்டூடியோ விளக்குகளில் கண் எரிந்தது, பேசும்படம் வந்தபோது குரலால் தப்பியது, போருக்குப் பிறகு ஓர் ஆங்கிலச் சிப்பாயைக் கலியாணம் செய்து இங்கே வந்தது, இங்கே ஒருவரும் நடிக்கக் கூப்பிடாதது, எல்லாம் சொன்னீர்கள். ஹிட்லர் காலத்தைப் பற்றிக் கேட்டால் மட்டும், "நடிச்சுக்கொண்டிருந்தன்" என்பதோடு சரி. உங்கள் ஜேர்மன் இப்போது என் காதில் எங்கள் ஊர்த் தமிழாகத்தான் கேட்கிறது.

சினிமா படிக்கும் மாணவர்கள் உங்கள் பேசாப்படம் ஒன்றைத் தேடிப்பிடித்துத் திரையிட்டார்கள். துணைக்கு நானும் வந்தேன். திரையில் இளம்பெண்ணாக நீங்கள். உங்கள் தோளில் கைபோட்டுச் சிரித்தபடி இன்னொருத்தி. அவள் யார் என்று ஒரு மாணவன் கேட்டான். ஞாபகமில்லை என்றீர்கள்.

திரும்பும்போது பஸ்ஸில் என் கையைப் பிடித்தீர்கள்.

"அவ ரூத். நடிக்க வந்த புதிசில ரெண்டு பேரும் ஒரே அறையிலதான் இருந்தனாங்கள். யூதப் பிள்ளை. பிறகு ஆக்களைப் பிடிச்சுக்கொண்டு போன காலத்தில, ஒருநாள் விடிய வந்து என்ர கதவைத் தட்டினவ. என்ர பேரைச் சொல்லிச் சொல்லித் தட்டினவ. நான் திறக்கேல்லை."

"பிறகு?"

"பிறகு ஒருத்தரும் அவவைக் காணேல்லை."

கொஞ்ச நேரம் கழித்து, "நீயெண்டால் திறந்திருப்பியோ?" என்று கேட்டீர்கள்.

யாழ்ப்பாணத்தில் இராணுவத்தின் ஒரு சுற்றிவளைப்பின்போது என் தம்பியை, முன்பின் தெரியாத ஒரு பெண் தன் வீட்டுக்குள் இழுத்துக் கதவைச் சாத்தினாள். அதனால்தான் அவன் உயிரோடிருக்கிறான். அதை உங்களிடம் சொல்ல வாய் வரவில்லை. "தெரியாது" என்றேன். உங்கள் பிடியிலிருந்து கையை எடுக்க வேண்டும் போலிருந்தது, எடுக்கவும் முடியவில்லை.

"கேட்ட அந்தப் பொடியனிட்ட அவவின்ர பேரையாவது சொல்லுங்கோவன்," என்றேன்.

"ஏலாது. சொன்னால் மிச்சத்தையும் கேப்பினம்."

அந்தக் குளிர்காலமே போய்விட்டீர்கள். உங்கள் சவப்பெட்டிக்குப் பக்கத்தில் நின்று அழுதேன். அழும்போதே உங்கள்மேல் கோபமும் வந்தது. இரண்டும் இன்னும் தீரவில்லை.

மருந்துக்கடையிலிருந்து நேரே செவன் கிங்ஸில் இருக்கும் தம்பி வீட்டுக்குப் போய் அவனிடம் முதல்தடவையாக எல்லாம் சொன்னேன்.

"என்னை ஒளிச்சு வைச்ச அந்த மனிசியும் பயந்துதானக்கா இருந்தவ," என்றான். "தாழ்ப்பாள் போட ஏலாமல் ரெண்டு தரம் தவறினது எனக்கு இப்பவும் ஞாபகம்."

உங்கள் படங்களைப் பார்த்துவிட்டு என்னிடம் உங்களைப் பற்றிக் கேட்பவர்களிடம் இனி ரூத்தின் பெயரையும் சொல்லப்போகிறேன். மிச்சத்தையும் கேட்பார்கள். அதையும் சொல்வேன். உங்களுக்கு அது பிடிக்காது என்று தெரியும்.