காசிம் வாடகைப் பிள்ளை அல்ல

அனுப்புநர்:
கா. அபுதாஹிர்,
த/பெ காசிம் (காலமானவர்),
தோல் பை தைக்கும் தொழில்,
தாராவி, பம்பாய் 400 017.

பெறுநர்:
உயர்திரு சுப்ரமணியன் அவர்கள்,
மேலதிகாரி,
எங்கள் பகுதி ரேஷனிங் அலுவலகம், பம்பாய்.

பொருள்: உயிரோடு, என் வீட்டில், என் செலவில் இருக்கும் ஆறு வயது மகன் காசிமின் பெயரை ரேஷன் கார்டிலிருந்து அடித்தது பற்றியும், என் மனைவியை நாலு பேர் முன்னிலையில் அவமதித்தது பற்றியும்.

மதிப்பிற்குரிய ஐயா,

தாங்கள் மாதுங்காவில் குடியிருக்கும் தமிழர் என்று கேள்விப்பட்டு இந்த மனுவைத் தமிழிலேயே எழுதுகிறேன். நான் எட்டாவது வரை படித்தவன். எட்டாவதை இரண்டு முறை படித்ததால் பத்தாவதுக்குச் சமம் என்று சொல்லிக்கொள்வது வழக்கம். இந்தி எனக்குப் பேரம் பேச வரும். மராத்தி மன்னிப்புக் கேட்க வரும். கோபப்பட எனக்குத் தமிழ் ஒன்றுதான் இருக்கிறது. ஆகவே பொறுத்துக்கொண்டு கடைசி வரை படிக்க வேண்டுகிறேன்.

1. என் வீட்டில் நாங்கள் நாலு பேர். நான், என் மனைவி சபுரா, ஐந்தாவது படிக்கும் மகள் சுலைகா, வருகிற ஜூன் மாதம் பள்ளியில் சேர வேண்டிய மகன் காசிம். இந்த நாலு பெயரும் சென்ற மாதம் வரை எங்கள் கார்டில் இருந்தன. இப்போது மூன்றுதான் இருக்கின்றன. நாலாவது பெயரின் மேல் சிவப்பு மையில் ஒரு கோடு. பக்கத்தில் "போகஸ்" என்று குறிப்பு.

2. இதற்கு முதலில் எங்கள் பக்கத்து வழக்கம் ஒன்றைத் தங்களுக்குச் சொல்லியாக வேண்டும். நாங்கள் கடையநல்லூர்க்காரர்கள். மகனுக்கு என் தகப்பனார் பெயரை வைத்தோம். அவர் மவுத்தாகி அடுத்த வருடம் பிறந்தவன். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்ல மாட்டாள், அவர் இருந்தாலும் சரி, இறந்தாலும் சரி. அந்தப் பெயர் ஒரு பிள்ளைக்கு வந்து சேர்ந்தாலும் விதிவிலக்கு கிடையாது. அதனால் சபுரா பெற்ற மகனைப் "பெரியவரே" என்றுதான் கூப்பிடுவாள். மரியாதையும் அதற்கேற்ற மாதிரிதான். "பெரியவரே, சாப்பிட வாங்க." "பெரியவரே, சாக்கடைல கல்லப் போடாதீங்க." அடிப்பதென்றாலும் "எங்க, கையை நீட்டுங்க" என்று சொல்லித்தான் அடிப்பாள். வீட்டில் இப்படி என்றால் சந்து முழுவதும் அப்படியே. என் மகனைத் தாராவியில் பெரியவர் என்று தெரியாதவர் இல்லை. காசிம் என்று தெரிந்தவரும் இல்லை.

3. சென்ற மாதம் ஒரு நாள் மத்தியானம், நான் காரகானாவில் பைக்கு ஜிப் வைத்துக்கொண்டிருந்த நேரம், தங்கள் இன்ஸ்பெக்டர் பொய்ப் பெயர்களைக் களைவதற்காக எங்கள் சந்துக்கு வந்தார். அந்த வேலையை நான் குறை சொல்லவில்லை. எங்கள் சந்திலேயே செத்தவர்கள் சிலர் மாதாமாதம் சர்க்கரை வாங்கியிருக்கிறார்கள். அவர் வந்து சபுராவிடம் முதலில் புருஷன் பெயரைக் கேட்டிருக்கிறார். அதையும் அவள் சொல்ல மாட்டாள். பக்கத்து வீட்டு அன்னமேரி அக்காவைப் பார்த்திருக்கிறாள். அக்கா சத்தமாக "அபுதாஹிர், சார்" என்று சொல்லிவிட்டார்கள். மகள் பெயரைச் சபுராவே சொன்னாள். அடுத்து, "காசிம் கோன் ஹை? கஹாங் ஹை?", காசிம் யார், எங்கே என்று கேட்டிருக்கிறார்.

4. சபுரா மீண்டும் அன்னமேரி அக்காவைப் பார்த்தாள். அக்கா பாவம், என் மகன் பிறந்த அன்று சபுராவைக் கைத்தாங்கலாக ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனவர்கள், ஆனால் அந்தப் பெயரை இன்ஸ்பெக்டர் வாயால்தான் முதல் தடவையாகக் கேட்கிறார்கள். "காசிமா? அப்பிடி யாரும் இங்க இல்லியே சார்" என்று சொல்லிவிட்டார்கள். சபுரா தன் வயிற்றைத் தொட்டுக் காட்டி, வாசலில் நின்ற பையனைக் கையால் காட்டினாள். இன்ஸ்பெக்டர் அவனிடம் குனிந்து "தேரா நாம் க்யா ஹை?" என்று பெயர் கேட்டார். அவன் வஞ்சகமில்லாமல் "பெரியவர்" என்றான்.

5. நிலைமையைச் சரி செய்வதாக நினைத்துச் சபுரா, "பெரியவரே, இங்க வாங்க, சாருக்குச் சலாம் சொல்லுங்க" என்றாள். தாராவியில் பல காலம் வேலை பார்த்ததால் இன்ஸ்பெக்டருக்குக் கொஞ்சம் தமிழ் தெரியும். தெரியாமல் இருந்திருந்தால் தேவலை. பெற்ற பிள்ளையை எந்தத் தாய் வாங்க, போங்க என்று கூப்பிடுவாள், இது விருந்தாளி வீட்டுப் பிள்ளை, செக்கிங் என்றதும் இரவல் வாங்கி நிறுத்தியிருக்கிறாய் என்று சொல்லி, "கிராயே கா பச்சா" என்று சிரித்திருக்கிறார். வாடகைப் பிள்ளை. "தாய் என்றால் பெயரைச் சொல், கோடு போடாமல் போய்விடுகிறேன்" என்றும் சொல்லியிருக்கிறார். குழாயடியில் நின்ற பெண்கள் எல்லாரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். சபுரா சொல்லவில்லை. கோடு விழுந்தது.

6. மறுநாள் அரை நாள் கூலியை விட்டுவிட்டு நான் அலுவலகத்துக்கு வந்தேன். பிறப்புச் சான்றிதழைக் காட்டினேன். அதில் "ஆண் குழந்தை, தாய் சபுரா" என்று மட்டும்தான் இருக்கிறது. ஆஸ்பத்திரியிலும் அவளிடம்தான் பெயர் கேட்டிருக்கிறார்கள். ஆண் குழந்தை என்று பாதி பம்பாயைச் சொல்லலாம் என்றார் இன்ஸ்பெக்டர். பிறகு வரிசையில் நின்றவர்களைப் பார்த்துக்கொண்டே, "பெண்டாட்டிக்குப் பெயர் தெரியவில்லை, பையனுக்கே தன் பெயர் தெரியவில்லை, உனக்காவது காசிம் என்றால் என்ன அர்த்தம் என்று தெரியுமா?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை. வரிசை முழுவதும் சிரித்தது. நானும் சேர்ந்து சிரித்தேன். பக்கத்தில் யாராவது சிரித்தால் நானும் சிரித்துவிடுவது என் சுபாவம், என்னைப் பார்த்துச் சிரித்தாலும். வீட்டுக்கு வருகிற வழியில்தான் கோபம் வந்தது. இன்று வரை இறங்கவில்லை.

7. அன்று மாலையே பள்ளிவாசலுக்குப் போய்க் கலீலுல்லா ஹஜ்ரத்திடம் அர்த்தம் கேட்டேன். அரபியில் காசிம் என்றால் பங்கிடுகிறவர், அவரவர் பாகத்தை அவரவருக்குப் பிரித்துக் கொடுக்கிறவர் என்று பொருளாம். அரபு நாட்டில் வெகு காலமாகப் புழங்கும் பெயராம். எங்கள் நபிநாயகம் அவர்களின் முதல் ஆண்பிள்ளைக்கு இந்தப் பெயர்தான். அந்தப் பிள்ளை சிறு வயதிலேயே தவறிவிட்டது. ஆனாலும் அந்த நாட்டு வழக்கப்படி நாயகத்தை "அபுல் காசிம்", அதாவது காசிமின் தகப்பனார் என்று அழைத்தார்களாம். பிள்ளை போன பிறகும் தகப்பனை அந்தப் பிள்ளையின் பெயரால்தான் கூப்பிட்டிருக்கிறார்கள், ஐயா. என் பிள்ளை இருக்கும்போதே அவன் பெயரை எடுத்துவிட்டார்கள்.

கொடுப்பவன் அல்லாஹ், நான் பங்கிடுபவன் மட்டுமே என்று நாயகம் சொன்னதாகவும் ஹஜ்ரத் கூறினார். ஆக, தங்கள் இலாகா அரிசிக்கும் சர்க்கரைக்கும் மண்ணெண்ணெய்க்கும் செய்கிற வேலை எதுவோ அதுதான் என் மகனின் பெயர். அவன் பாகத்தைத்தான் தாங்கள் நிறுத்தி வைத்திருக்கிறீர்கள்.

8. பேச்சோடு பேச்சாக ஹஜ்ரத் என் பெயரையும் பிரித்துப் பார்த்தார். அபு என்றால் தகப்பன். அபுதாஹிர் என்றால் தாஹிரின் தகப்பன். "உங்க மகன் தாஹிர் எங்க?" என்று கேட்டுச் சிரித்தார். எனக்குத் தாஹிர் என்று யாரும் இல்லை, ஐயா. எங்கள் குடும்பத்திலேயே கிடையாது. என் பெயர் இத்தனை வருடமாக அரசாங்கக் காகிதம் எல்லாவற்றிலும் இல்லாத ஒரு பிள்ளையைக் காட்டிக்கொண்டிருக்கிறது. அதை எந்த இன்ஸ்பெக்டரும் அடிக்கவில்லை. இல்லாத தாஹிருக்கு நான் தகப்பனாக இருக்கலாம், இருக்கிற காசிமுக்கு இருக்கக் கூடாதா?

9. மாமனார் பெயரை மருமகள் சொல்லக் கூடாது என்று மார்க்கத்தில் எங்கும் இல்லை, ஊர் வழக்கம்தான் என்றும் ஹஜ்ரத் சொன்னார். பிரச்சினை தீர்ந்தது என்று வேகமாக வீட்டுக்கு வந்து சபுராவிடம் சொன்னேன். "ஹஜ்ரத் வீட்டம்மா அவுங்க மாமனார் பேரச் சொல்லுவாங்களான்னு கேட்டுட்டு வாங்க" என்றாள். கேட்க எனக்குத் தைரியமில்லை. அலுவலகத்துக்கு வந்து ஒரே ஒரு தடவை, மெதுவாக, இன்ஸ்பெக்டர் காதில் மட்டும் விழுகிற மாதிரி சொல்லிவிடு என்று கெஞ்சிப் பார்த்தேன். "உங்க அத்தா பேருதானே, முதல்ல நீங்க கூப்பிடுங்க பாப்போம்" என்றாள்.

அப்போதுதான் தெரிந்தது, நானும் அவனை அந்தப் பெயரால் கூப்பிட்டதே இல்லை. பெற்ற தகப்பனைப் பெயர் சொல்லி "வாடா" என்று எப்படிக் கூப்பிடுவது? "டேய்" என்றும் "தம்பி" என்றும் சொல்லியே ஆறு வருடம் ஓட்டிவிட்டேன். அன்று வாசலில் நின்று தொண்டையைச் சரி செய்துகொண்டு "காசிம்!" என்று கூப்பிட்டேன். அவன் விளையாட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. நான்தான் சட்டென்று திரும்பிப் பின்னால் பார்த்தேன், அத்தா வந்து நிற்கிறாரோ என்று.

10. ஒரு யூனிட் சர்க்கரைக்காக இவ்வளவு நீளமாக எழுதுகிறான் என்று தாங்கள் நினைக்கலாம். சர்க்கரை இல்லாமல் டீ குடிக்க நான் பழகிவிட்டேன். மாநகராட்சித் தமிழ்ப் பள்ளியில் ரேஷன் கார்டில் பெயர் இருந்தால்தான் சேர்ப்போம் என்கிறார்கள். அவர்கள் சட்டத்தில் தப்பில்லை. ஜூன் மாதத்துக்குள் பெயர் வராவிட்டால் பையனுக்கு ஒரு வருடம் வீணாகும். எட்டாவதை இரண்டு முறை படித்த என்னை மாதிரி பிறகு வீணாக்கிக்கொள்வது அவன் இஷ்டம். தொடங்கும்போதே வீணாக வேண்டாம்.

அதற்கு மேலும் ஒன்று உண்டு. சபுரா அன்றிலிருந்து அந்தக் குழாயடிக்குப் போவதில்லை. சுலைகாதான் குடம் தூக்குகிறாள். அவளும் தம்பியும் சண்டை போட்டால் "போடா, கிராயா" என்கிறாள். அடித்தும் பார்த்துவிட்டேன், நிறுத்தவில்லை. போன வாரம் பையன் என் மடியில் உட்கார்ந்து, "அத்தா, என்னை எங்கேருந்து வாடகைக்கு எடுத்தீங்க? திருப்பிக் குடுத்துருவீங்களா?" என்று கேட்டான். நான் வழக்கம்போல் சிரித்துச் சமாளித்தேன். அவன் சிரிக்கவில்லை. அடுப்படியிலிருந்து அவன் தாயும் சிரிக்கவில்லை.

ஆகையால் ஐயா அவர்களைக் கேட்டுக்கொள்வது: என் மகன் காசிமின் பெயரைக் கார்டில் மறுபடி எழுத வேண்டும். "போகஸ்" என்ற சொல்லை, மேலே இன்னொரு கோடு கிழித்து அல்ல, தெரியாதபடி அழிக்க வேண்டும். கோடு கிழித்தால் அதற்குக் கீழே வாசிக்க முடியும். எங்கள் சந்தில் எல்லாரும் வாசிப்பார்கள். இனிமேல் வருகிற இன்ஸ்பெக்டர்கள் பெண்கள் சொல்லாத பெயரைப் பிள்ளைகளிடமோ வீட்டுக்காரர் வந்த பிறகோ கேட்டுக்கொள்ளட்டும். சந்தேகம் இருந்தால் தாங்களே நேரில் வரலாம். சந்து முனையில் நின்று "பெரியவரே" என்று ஒரு சத்தம் கொடுத்தால் போதும். நாலைந்து தாடிக்காரர்களும் எட்டிப் பார்ப்பார்கள். அவர்கள் கால்களுக்கு நடுவே புகுந்து ஓடி வருகிறவன் என் மகன். அவன் முகத்தையும் என் முகத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் சான்றிதழ் தேவைப்படாது. மூக்கு விஷயத்தில் அவன் அதிர்ஷ்டமில்லாதவன்.

கடைசியாக ஒன்று. நேற்று இந்த மனுவைச் சபுராவுக்கு வாசித்துக் காட்டினேன். தமிழ் அவளுக்கு எழுத வராது. குர்ஆன் ஓதப் படித்த அரபி எழுத்து தெரியும். முழுவதையும் கேட்டுவிட்டு, வாயால் சொல்வதற்குத்தான் தடை, கைக்கு இல்லையே என்று சொல்லி, என் பேனாவைப் பிடுங்கி, என் கையெழுத்துக்கு விட்டிருந்த இடத்துக்குக் கீழே மகன் பெயரைத் தானே எழுதினாள். அந்த இடத்தில் தாள் லேசாகக் கிழிந்திருப்பது கோபத்தினால், அலட்சியத்தினால் அல்ல. தாங்கள் தயவு செய்து அந்த எழுத்தைத் தங்கள் இன்ஸ்பெக்டரிடம் காட்டி, இது யார் பெயர், வாயைத் திறந்து சொல் என்று கேளுங்கள். அவரால் சொல்ல முடியாது. அதற்காக அவரைப் போகஸ் என்று எழுதிவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

நாள்: 3-5-1983
இடம்: தாராவி, பம்பாய்

தங்கள் பதிலை எதிர்பார்த்திருக்கும்,
கா. அபுதாஹிர்
(காசிமின் அத்தா)

கீழே அரபியில் இருப்பது: காசிமின் தாயார் சபுரா, தன் கையால்.