ஹங்கேரியிலிருந்து வந்த நடிகர்

அன்புள்ள அம்மாவுக்கு வேல்விழி எழுதுவது. மூட்டுவலி குறைந்ததா? நான் சுகமாக இருக்கிறேன்.

ஹங்கேரிக்காரப் பெரியவர் ஒருவர் எங்கள் பனியன் கம்பெனிக்கு வந்து, தினமும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். ஆட்குறைப்புக்காக வேவு பார்க்கிறார் என்று சந்தேகப்பட்டேன்.

"நாப்பது வருசமா நாடக மேடையில ராஜா வேசம் கட்டுனவருங்கக்கா. சினிமாவுலயும் நடிச்சிருக்காருங்க. அடுத்த படத்துல டெய்லராமுங்க" என்றாள் மேனேஜர் ஜனனி. நான் நம்பவில்லை.

நேற்று அவர் காலி மெஷினில் உட்கார்ந்து என்னைப் போலவே நடித்தார். துணியைத் தள்ளினார், நூலைப் பல்லால் கடித்தார், சுற்றிலும் பார்த்துவிட்டுத் தோளில் கண்ணைத் துடைத்தார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

நிஜமான நடிகர்தான், அம்மா. ஆனால் நான் துடைத்தது பஞ்சுத்தூசியை. தனுஷ் என்னைத் தேடுகிறானா? பிள்ளையின் புதுப் போட்டோ அனுப்பு. பெல் அடித்துவிட்டது.

வேல்விழி