ஒரு வாய் ஓட்ஸ் கஞ்சி

கார்த்திகை 5, வியாழன்

காலையிலிருந்து மூட்டம். மழை இல்லை, வெயிலும் இல்லை. வெடிமருந்து காய வைக்க முடியாது என்று பட்டாசுக் கம்பெனியில் மதியமே அனுப்பிவிட்டார்கள். தீபாவளி முடிந்தபின் வேலையும் குறைவு. மேனேஜர் நாற்காலியில் முதலாளியின் தங்கை மகன். அவன் பி.காம். கெமிஸ்ட்ரியில் எம்.எஸ்சி. வாங்கிய நான் அவனிடம் கேட்டுவிட்டுத்தான் வீட்டுக்குக் கிளம்ப வேண்டும். கேட்டேன். கிளம்பினேன்.

சாயங்காலம் மகள் மதி கோயம்புத்தூரிலிருந்து போன். ஞாயிறு காலை கார்த்திக் வீட்டார் இங்கே ஆமத்தூர் வருகிறார்கள், அவளைப் பார்க்க. அவன், அவன் அப்பா, அம்மா. காரியாபட்டிப் பக்கம். நிலம், கிணறு, டிராக்டர் உள்ள வீடு. மதியும் அவனும் ஒரே ஆபீஸ். அவர்களே பேசி முடித்துக்கொண்டது. பையன் மேல் எனக்குப் புகார் இல்லை. உண்டு, பெரிதாக இல்லை.

அவன் அப்பாவைப் பற்றி அவள் சொன்னது அப்படியே: "மாமாவுக்கு ஹார்ட் ஆபரேஷன் ஆனதிலருந்து காலையில ஓட்ஸ் மட்டும்தான்ப்பா. டிபன் கிபன்னு சிரமப்பட வேணாம், வந்து பேசிட்டுப் போயிர்றோம்னு சொல்லச் சொன்னாக."

அப்படியா.

என் கல்யாணத்துக்கு முதலாளி வந்தார். பந்தியில் உட்காரவில்லை. "வயிறு சரியில்லப்பா" என்றார். உடைக்காத சோடாவாகக் கொண்டுவரச் சொன்னார். அவர் டிரைவர் உடைத்துக் கொடுத்தான். நின்றபடியே குடித்துவிட்டுப் போனார். என் அப்பா அதையே ஒரு வருஷம் சொல்லித் திரிந்தார், மொதலாளி நம்ம வீட்டுல சோடா குடிச்சாகன்னு. எங்கள் தெருவுக்குள் வரும்போது மட்டும் பெரிய வீட்டுக்காரர்களுக்கு வயிறு சரியிருக்காது. இல்லையென்றால் விரதம். இப்போது புதிதாக ஓட்ஸ்.

என் மனைவி பாக்கியத்திடம் சொன்னேன். "நெசமாவே ஆபரேஷன் பண்ணிருப்பாக. எல்லாத்தையும் கோணையாவே பாக்காதீக" என்றாள்.

ஓட்ஸ்தானே. வைக்கிறேன். நானே வைக்கிறேன். எப்படித் தட்டிக் கழிக்கிறார் என்று பார்க்கிறேன்.

கார்த்திகை 6, வெள்ளி

தூறல். விருதுநகர் போய் வந்தேன். ஓட்ஸ், பாசிப்பருப்பு, முந்திரி, நெய். பீங்கான் கிண்ணங்கள், நீலப் பூப் போட்டவை. புதுக் கரண்டிகள். சீல் உடைக்காத கேன் தண்ணீர். பஸ்ஸில் கேனுக்கும் டிக்கெட் கேட்டான். சண்டை போட்டேன். கொடுக்கவில்லை.

பாக்கியம் கிண்ணத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"நம்ம வீட்டுல கிண்ணம் இல்லையா?"

"ஓட்ஸ் இதுலதான் சாப்பிடணும்."

"தண்ணியும் இல்லையோ?"

"ஆபரேஷன் பண்ணுன ஆளு. சுத்தமா இருக்கணும்ல."

"நேத்து ஆபரேஷனே பொய்யின்னீக" என்றாள். கேனைக் காலால் ஓரமாகத் தள்ளிவிட்டுப் போய்விட்டாள்.

ராத்திரி வெள்ளோட்டம். பாக்கெட்டில் போட்டிருந்தபடி வைத்தேன். கரண்டியைக் கவிழ்த்தால் விழவில்லை. பாக்கியம் எட்டிப் பார்த்து, "கம்பெனிக்குக் குடுத்து விடுங்க, வெடிக்குக் குழாய் ஒட்டலாம்" என்றாள். கல்யாணத்துக்கு முன் அவள் வெடிக்குக் காகிதக் குழாய் உருட்டியவள். பசை எப்படி இருக்கும் என்று தெரியும். சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன்.

கார்த்திகை 7, சனி

மதி வந்துவிட்டாள். மெலிந்திருக்கிறாள். கேட்டால் "வேலைப்பா" என்கிறாள்.

மறுபடி முயற்சி. இந்தத் தடவை ஓட்ஸை முதலில் வெறும் சட்டியில் வாசம் வரும்வரை வறுத்தேன். பாசிப்பருப்பைத் தனியாகக் குழைய வேகவைத்து மசித்தேன். சின்ன வெங்காயம், பூண்டு, இஞ்சி, பொடியாக அரிந்த கேரட் நெய்யில் வதக்கி, தண்ணீர் ஊற்றிக் கொதித்தபின் பருப்பு, அதற்கப்புறம்தான் ஓட்ஸ். மிளகு, சீரகம் இடித்துக் கடைசியில். பசை இல்லை. கஞ்சி பதம். ஆனால் ஆறினால் இறுகுகிறது. கார் வந்தபிறகுதான் ஓட்ஸைப் போட வேண்டும். பக்கத்து அடுப்பில் வெந்நீர் தயாராக இருக்க வேண்டும்.

மதி இரண்டு கிண்ணம் சாப்பிட்டாள். "நல்லாருக்குப்பா. எனக்கு ஒருநாளும் இப்பிடி வச்சதில்ல" என்றாள். உண்மைதான். கிண்ணத்தின் பூவை விரலால் தடவிக்கொண்டே இருந்தாள். ஏதோ கேட்க வந்து கேட்கவில்லை.

பாக்கியம் கடைக்குப் போய் ஒரே ஒரு இளநீர் வாங்கி வந்து வாசல் மூலையில் வைத்திருக்கிறாள். எதுக்கு என்றேன். "கிடக்கட்டும்" என்றாள்.

தூக்கம் வரவில்லை. கார்த்திக் அப்பா பெயர் வேலுச்சாமி. அவர் என்னென்ன சாக்குச் சொல்வார், நான் என்ன பதில் சொல்வேன் என்று மனதுக்குள் ஓட்டிப் பார்த்தேன். எல்லாவற்றிலும் நான்தான் ஜெயித்தேன்.

கார்த்திகை 8, ஞாயிறு

வந்தார்கள். போனார்கள். வரிசையாக எழுதிவிடுகிறேன், இல்லாவிட்டால் பிறகு நானே மாற்றி நினைத்துக்கொள்வேன்.

கார் சத்தம் கேட்டதும் ஓட்ஸைப் போட்டேன். வேலுச்சாமி பெரிய உருவம், மெதுவான நடை. செருப்பை வாசலில் விட்டு, சம்மணம் போட்டுத் தரையில் உட்காரப் போனார். கார்த்திக் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்தான். நான் கேட்காமலே சட்டைப் பொத்தானை அவிழ்த்துத் தழும்பைக் காட்டினார். நெஞ்சு நடுவில் மேலிருந்து கீழாக. "கோணி தச்ச மாதிரி தச்சு விட்டாங்கெ சார்."

கிண்ணத்தை நீட்டினேன். மனுஷன் வாங்கினார், ஊதினார், ஒரு வாய் வைத்தார். கண்ணை மூடினார்.

"என்னத்தப் போட்டீக சார் இதுல? எங்க வீட்டுல வைக்கிறது மாட்டுக்குத் தவிடு கரைச்ச மாதிரி இருக்கும்."

அவர் வீட்டம்மா, சரோஜா, முகம் சுளித்தார். வேலுச்சாமி பார்க்கவில்லை. வழித்துத் தின்றார். கிண்ணத்தை நீட்டி, "இன்னொரு கரண்டி ஊத்துங்க. டாக்டருக்குத் தெரிய வேணாம்" என்றார்.

இத்தனை நாள் தீட்டி வைத்திருந்த கத்திக்கு வெட்ட ஆள் இல்லாமல் போயிற்று. அசட்டுத்தனமாக நின்றேன். கார்த்திக்கும் சாப்பிட்டான்.

பிறகுதான் அந்தம்மாவின் கிண்ணத்தைப் பார்த்தேன். மடியிலும் இல்லை, கையிலும் இல்லை. ஸ்டூலில், வைத்த இடத்திலேயே. மேலே ஆடை படிந்து, முந்திரி அதில் ஒட்டிக்கொண்டு.

"சாப்பிடுங்க மதினி, ஆறிரும்" என்றாள் பாக்கியம்.

"இருக்கட்டுங்க. எனக்கு இன்னைக்கு விரதம்."

வேலுச்சாமி கரண்டியை வாயிலிருந்து எடுத்தார். "என்ன விரதம்? விருதுநகர்ல எறங்கி ரெண்டு இட்லி தின்னியே?"

அந்த மனுஷனுக்குச் சூது தெரியாது. வெள்ளந்தியாகத்தான் கேட்டார். கேட்ட பிறகுதான் அவருக்கே புரிந்தது. முகம் மாறிவிட்டது. கார்த்திக் தரையைப் பார்த்தான்.

நான் வாயைத் திறந்தேன். அதற்குள் பாக்கியம் வாசலுக்குப் போய் அந்த இளநீரை எடுத்து வந்து, எல்லார் கண்ணுக்கும் தெரிகிற மாதிரி அங்கேயே சீவினாள். "வெரதத்துக்கு இளநீ ஆகும்ல மதினி. குடிங்க." அந்தம்மா அவசரமாக வாங்கிக் குடித்தார்.

மதி அந்தக் கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

தேதி குறிக்கும் பேச்சு வந்தது. தையில் பார்க்கலாம் என்றார்கள். நான் "ம்" என்றேன்.

தவறான ஆளையே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன், மூன்று நாளாக.

கார்த்திகை 9, திங்கள்

மழை. ராத்திரி பாக்கியத்தோடு சண்டை, காலையிலும் தொடர்ச்சி.

"நீதான் அந்தம்மாவுக்குத் தப்பிக்கக் கதவத் திறந்து விட்ட. இளநீ வாங்கி வச்சுக் காத்திருக்க!"

"ஆமா. எனக்குத் தெரியும், பொம்பளைகதான் இதப் பாப்பாக. பிள்ள வாழணும்ல. நீங்க மட்டும் என்ன? கடைத் தண்ணி, கடைக் கிண்ணம். நான் இளநீ வாங்குனேன், நீங்க கேன் வாங்குனீக."

முதலாளிக்குச் சோடா வாங்கி வந்த என் அப்பாவை இத்தனை வருஷமாகத் திட்டிக்கொண்டிருக்கிறேன். அவர் ஒரு பாட்டில்தான் வாங்கினார்.

மதியம் மதியை பஸ் ஏற்றப் போனேன். குடைக்குள் நின்றபடி சொன்னாள்: "கார்த்திக்கிட்ட சொல்லிட்டேன்ப்பா. அத்தை நம்ம வீட்டுல ஒரு வாயாவது சாப்பிடணும். இல்லன்னா நிச்சயம் வேணாம்."

"நான் சொல்லச் சொன்னேனா?"

"நீங்க எதுக்குச் சொல்லணும்? எனக்குக் கண்ணு இல்லையா?" பிறகு, "அந்தக் கேனத் திருப்பிக் குடுத்துருங்க. நம்ம கொடத்துத் தண்ணியக் குடிச்சுத்தான நான் வளந்தேன்."

பெருமை. அதைவிடப் பயம். அவளுக்கு அவனைப் பிடித்திருக்கிறது. ஜன்னல் ஓரம் உட்கார்ந்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள், டாட்டா காட்டவில்லை. என் மகள்தான். பிடிவாதத்தை என்னிடமிருந்து எடுத்துக்கொண்டாள். அதற்கு நான் பட்டது அவளுக்குத் தெரியாது.

கார்த்திகை 11, புதன்

லேசான வெயில். கம்பெனியில் பாதிப் பேர். மேனேஜர் ஒரு கலவையின் அளவைத் தப்பாகச் சொன்னான். திருத்தினேன். "அதத்தான் சார் நானும் சொன்னேன்" என்றான். குறித்து வைக்கிறேன்.

இடது பல் வலி.

சாயங்காலம் வேலுச்சாமி போன். முதலில் நெல், மழை, மாத்திரை என்று சுற்றினார். அப்புறம்:

"சார், பையன் சொன்னான். வீட்டுல ஒருத்தர் மொகத்த ஒருத்தர் பாக்கல. ஞாயித்துக்கெழம வர்றோம். அவளும் வர்றா. அதே கஞ்சி வைங்க."

"அவுகளுக்குப் பிடிக்காட்டி வேற ஏதாவது..."

"கஞ்சி பிடிக்காம இல்ல சார். அது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்." பிறகு மறுபடி, "வைங்க சார்."

அந்தம்மா எப்படி ஒத்துக்கொண்டார் என்று கேட்கவில்லை. மிரட்டினாரோ, கெஞ்சினாரோ. மனதில்லாமல் விழுங்குகிற ஒரு வாய் எனக்கு எதற்கு? ஆனால் கேட்டது நான் இல்லை, மதி.

கார்த்திகை 15, ஞாயிறு

மூட்டம் கலைந்து வெயில். மதி ராத்திரி பஸ்ஸில் வந்து தூங்காத கண்ணோடு இருந்தாள்.

பீங்கான் கிண்ணங்கள் பரண் மேல். கேன் போன திங்களே கடைக்குப் போய்விட்டது. குடத்துத் தண்ணீரில் வைத்தேன். பாக்கியம் பெயர் வெட்டிய எவர்சில்வர் கிண்ணங்கள், ஒன்றில் நசுங்கல். அந்த நசுங்கலை எனக்கு எடுத்துக்கொண்டேன். பதம் போன தடவையை விட நன்றாக வந்தது. கவலையில் வைத்தால் நன்றாக வரும் போல.

வந்தார்கள். யாரும் வானிலையைத் தாண்டிப் பேசவில்லை. பாக்கியம் கிண்ணத்தை நேராக அந்தம்மாவின் கையில் கொடுத்தாள். வாங்கினார். ஆவி முகத்தில் அடித்தது. கரண்டியால் கிளறினார். மறுபடி கிளறினார். வேலுச்சாமி தன் கிண்ணத்தைத் தொடாமல் காத்திருந்தார். மதி கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

ஒரு வாய். வைத்தார், விழுங்கினார். கண்ணில் தண்ணீர். மிளகுக் காரமா, சூடா, என்னவென்று தெரியவில்லை. கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டார்.

ஒரு வாய்தான் கேட்டோம். கிடைத்தது. கேட்டதற்கு மேல் ஒரு பருக்கை இல்லை.

வேலுச்சாமி தன் கஞ்சியை முடித்தார். பிறகு எட்டி, பெண்டாட்டியின் கிண்ணத்தை எடுத்து, அவர் வாய் வைத்த அதே கரண்டியால் மீதியையும் தின்று முடித்தார். புருஷன் எச்சிலைப் பெண்டாட்டி தின்பாள். இதை நான் எந்த வீட்டிலும் பார்த்ததில்லை. அந்தம்மா தலை நிமிரவில்லை. "வீணாக்கக் கூடாதுல்ல சம்பந்தி" என்றார் வேலுச்சாமி, என்னைப் பார்த்து. 'சார்' போய்விட்டது.

அந்த மனுஷன் மேல் கோபப்பட எனக்கு ஒன்றுமே மிச்சமில்லை. அதுவும் எரிச்சலாக இருக்கிறது.

நிச்சயம் தையில் என்று முடிவு.

போனபிறகு பாக்கியம்: "கிண்ணத்தக் கீழ வைக்கும்போது அந்தம்மா என்கிட்ட 'போதும் மதினி'ன்னாக. கேட்டீகளா?" நான் கேட்கவில்லை. இவள் காதுக்கு மட்டும் அப்படியெல்லாம் கேட்கும்.

மதி பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் நின்றேன். கேட்கக் கூடாது என்றுதான் நினைத்தேன்.

"நாளைக்கு அங்கன போயி நீ சமைச்சா, அந்தம்மா சாப்பிடுவாகளா?"

தேய்ப்பதை நிறுத்தவில்லை. "தெரியலப்பா" என்றாள்.

அந்தக் கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்த பிறகு, "மாமா சாப்பிடுவாக" என்றாள்.