குளியல் தொட்டிக் கடல்

லண்டன், 12.3.1998

அன்புள்ள அம்மா,

நான் நல்ல சுகம். உங்கள் இருமல் குறைந்ததா?

ஒரு புதினம் சொல்லவேண்டும்! நான் ஒலி சேர்த்த பிலிப்பைன்ஸ் மீனவர் படத்தை எங்கள் ஆசியத் திரைப்பட விழாவில் போட்டோம். நோட்டீஸ் ஒட்டியதும் நானே. மண்டபம் நிறைந்த சனம்!

"தம்பி, அந்தக் கடலை எந்தக் கரையிலை பதிஞ்சனீர்?" என்று ஒருவர் கேட்டார்.

"குளியல் தொட்டியிலை அண்ணை" என்றேன். அவருக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

அடுத்த படத்துக்கு எங்கள் முல்லைத்தீவுக் கடலேதான் வேண்டும். கரைவலை இழுக்கும்போது கசற்றில் பதிந்து அனுப்புங்கள். பொருளாதாரத் தடையால் அங்கே பற்றரி கிடைக்காது, தெரியும். றேடியோ கேட்பதுபோல, ஸ்ராண்டில் விட்ட சைக்கிளைச் சுசிலா அக்கா மிதித்து டைனமோவில் றெக்கோடரை ஓட்டட்டும். மிதிக்கும் சத்தமும் விழட்டும்.

தபாலுக்கு நேரமாகிவிட்டது.

உங்கள் மகன்
மெல்ரொன்

பி.கு: கசற்றின் கடைசியில், "மெல்ரொன், சாப்பிட வாடா" என்று ஒருமுறை கூப்பிடுங்கள். அதைப் படத்தில் சேர்க்கமாட்டேன்.