தகரவேலிக்கு அந்தப் பக்கம் இருக்கும் அக்காவுக்கு

என் அன்பான அக்கா,

எழுத்து கோணல்மாணலாக இருக்கிறது, கோபிக்காதே. ஒரு வரி முடிப்பதற்குள் விரல் மரத்துப் போகிறது. ஆனாலும் இது உன் தம்பியே எழுதியது. கோயில் மண்டபத்தில் பெரியவர்களுக்கு நடக்கும் வகுப்பில் கற்றுக்கொண்டேன். கடைப் பலகை, பால்டின், எதைப் பார்த்தாலும் படிக்கிறேன்.

அந்தச் சந்தோஷம்தான் என்னைக் கெடுத்தது.

மின்சார ரயில் வேறு பாதையில் போன பிறகு பழைய ரயில்பாதை சும்மா கிடந்ததே. தண்டவாளக் கம்பியைப் பிடுங்கிய இடத்தில் நம் சனங்கள் துணி காயப் போட்டார்கள், மரவள்ளி நட்டார்கள். அதைத் தாண்டித்தான் வெள்ளிக்கிழமைதோறும் பூவோடு உன் சமாதிக்கு வந்தேன். இப்போது அங்கே கீழே கடை, மேலே வீடு என்று கடைவீடு கட்டுகிறார்களாம். நீளத்துக்கும் தகரவேலி. கேட்டில் காவலுக்கு நிற்பவள் சாந்தி, நம்ம தமிழ்ப் பெண். பார்த்தும் பார்க்காத மாதிரி என்னை விட்டுவிடுவாள்.

போன வெள்ளி அவள் முதலாளி நின்றிருந்தார். அவரும் நம்ம ஆள்தான். என்னைத் தடுத்தார். பாவம், தாத்தாவுக்குப் படிக்கத் தெரியாது, போர்டு புரியாது என்று சாந்தி எனக்காகப் பேசினாள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. கேட்டில் மாட்டியிருந்த போர்டில் மேலே மலாய், சீனம், கடைசி வரி தமிழ். உரக்கப் படித்துக் காட்டினேன்.

"அனுமதியின்றி உள்ளே நுழையாதீர்."

ஓர் எழுத்திலும் நான் திக்கவில்லை, அக்கா.

அதான் படிக்கத் தெரியுதே, திரும்பிப் போங்க அங்கிள் என்று முதலாளி சிரித்துக்கொண்டே கேட்டைச் சாத்தினார். சாந்தி தலையில் அடித்துக்கொண்டாள். "வாய மூடிக்கிட்டு நிக்கக் கூடாதா தாத்தா? இனிமே ஒங்கள எப்படிலா உள்ள விடுவேன்?"

பெரிய ரோடு வழியாகச் சுற்றி நடக்க முழங்கால் விடவில்லை. உன் மகன் குமாரைக் காடியில் ஏற்றிக் கூட்டிப் போகச் சொன்னேன். நேரமில்லையாம். போனில் படம் எடுத்துத் தருகிறேன், வீட்டிலிருந்தே கும்பிடுங்க மாமா என்கிறான். படத்தில் புல் பிடுங்க முடியுமா? வேலிக்கு மேலே உன் பக்கத்து வேப்பமரம் தெரிகிறது. இவ்வளவு கிட்டே இருந்துகொண்டு வர முடியவில்லை என்றால் யாரைத் திட்டுவது?

அந்த முதலாளிக்கு ஒரு மனு எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை காலையில் மட்டும் கேட்டைத் திறந்துவிடச் சொல்லி. அடித்து அடித்து எழுதி மூன்று வரி வந்திருக்கிறது. திறந்தால் வரும் வெள்ளி பூவோடு நிற்பேன். திறக்காவிட்டால் அன்றைக்கே உனக்கு எழுத உட்காருவேன். படிக்கத் தெரியாதவன் என்று மட்டும் சொல்லிக்கொண்டு வரமாட்டேன், அக்கா.

உன் கூடப்பிறந்த தம்பி,
ராமசாமி