லமோயன் என்று இங்கே யாரும் இல்லை

மார்ச் 4

பெரிய தீவிலிருந்து டாக்டர்கள் வந்தார்கள். வருஷத்துக்கொரு முறை விமானத்தில் வந்திறங்கி, எங்கள் சின்னத் தீவான லான்யுவின் குழந்தைகளுடைய பல், கண், காது, எடை எல்லாவற்றையும் ஒரே காலையில் முடித்துவிட்டு, அவித்த பறக்கும் மீனைச் சாப்பிட்டு, அதைப் படமும் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள்.

என் மகள் ரபினுக்கு எடை சரி. பல் சரி. காதில் நர்ஸ் ஏதோ கருவியை வைத்தாள். ரபின் போட்ட கூச்சலில் கருவிக்குத்தான் காது போயிருக்கும். முடிவு பிறகு தெரியுமாம். "ஏதாவது இருந்தா போன் பண்ணுவோம். போன் வரலைன்னா எல்லாம் நல்லபடின்னு வச்சுக்குங்க." என் கைபேசிக்கு வீட்டுக்குள் சிக்னல் வராது, அதனால் வீட்டு நம்பரைக் கொடுத்தேன்.

கடைசியில் கேட்டார்கள். இரண்டரை வயதாகிறது, இன்னும் ஒரு வார்த்தைகூட இல்லையா?

இல்லை.

ஒரு ஆலோசகரை அனுப்புகிறார்களாம்.

மார்ச் 6

ரபின் ஏன் பேசவில்லை என்பதற்கு வீட்டில் எல்லோரிடமும் காரணம் தயாராக இருக்கிறது. என்னிடம்தான் இல்லை.

அப்பாவின் பார்வையில் குற்றவாளி என் வீட்டுக்காரன் எலிசியோவின் மொழி. எலிசியோவுக்கு ஊர் தெற்கே கடலுக்கு அப்பால், பிலிப்பைன்ஸின் வடகோடியில் இருக்கும் பத்தானெஸ். நான் பெரிய தீவில் காவ்சியுங்கில் படித்தபோது அங்கே தொழிற்சாலையில் வேலை செய்தான். அவன் பேசுவது இவாத்தான், நாங்கள் பேசுவது தாவ். அக்கா தங்கை மொழிகள் என்று படித்தவர்கள் சொல்கிறார்கள். அக்கா யார், தங்கை யார் என்பதில்தான் தினமும் எங்கள் வீட்டுச் சோறு ஆறிப்போகிறது.

"தண்ணிக்கு நாங்க ரனோம்ங்கறோம். நீங்க தனும்ங்கறீங்க. பல்லு போன தாவ்காரன் பேசற மாதிரி இருக்கு, மாப்ளே."

"உங்களோடது பல்லு முளைக்காத குழந்தை பேசற இவாத்தான், மாமா."

வள்ளிக்கிழங்குக்கு இரண்டு பேருக்கும் வகாய்தான். அதில் மட்டும் சண்டை வராது என்றுதானே நினைப்பீர்கள்? யார் யாரிடமிருந்து திருடினார்கள் என்று அதற்கும் சண்டை. ஒருவர் பேசுவதில் மற்றவருக்குப் பாதி புரிகிறது. புரியாத பாதியில் சமாதானமாக இருக்கிறார்கள்.

எலிசியோவின் அம்மா போனில் பேசும்போது பழி எங்கள் தாவ் மேல். நாங்கள் தொண்டையிலிருந்து பேசுகிறோமாம், குழந்தை பயந்துவிட்டதாம்.

எலிசியோ மேல் அப்பாவுக்கு இன்னொரு கோபமும் உண்டு. அவன் என்னை இன்னும் "லமோ" என்று கூப்பிடுகிறான். அதுவும் பைக்கிலிருந்து இறங்கும் முன்பே, தெரு முனையிலிருந்து, படகுக்காரன் குரலில். இங்கே தலைப்பிள்ளை பிறந்த அன்றே பெற்றவர்களின் பெயர் போய்விடும். இப்போது நான் சினான் ரபின், ரபினின் அம்மா. அவன் சியமன் ரபின். அப்பா சியபென் ரபின், அவளுடைய தாத்தா. கல்லூரியில் சண்டை போட்டு, பதிவில் இருந்த சீனப் பெயரைத் தூக்கிப்போட்டுவிட்டு 'சி லமோயன்' என்று பதிந்துகொண்டேனே, அந்தப் பெயர் இன்று அடையாள அட்டையில் மட்டும்தான் மூச்சு விடுகிறது. பெற்ற அப்பாவே என்னை "சினான் ரபின், உப்பு எங்கே" என்றுதான் கேட்பார்.

ஆக, வீட்டில் பெரியவர்கள் மூன்று பேரும் அவள் பெயரைத்தான் சுமக்கிறோம். கடையில், கிழங்குத் தோட்டத்தில், தேவாலய வாசலில், யார் என்னைக் கூப்பிட்டாலும் அவள் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுகிறார்கள். கூப்பிட்டுவிட்டு அடுத்த கேள்வி: "பேசறாளா?"

மார்ச் 11

ஆலோசகர் வந்தார். திருமதி சுவாங். விமானத்தில் குமட்டியிருக்கிறது. அப்படியும் சிரித்தபடியே உள்ளே வந்தார்.

ஒரு பெரிய படத்தை விரித்தார். மரம். கிளை கிளையாக மொழிகள். மடகாஸ்கரிலிருந்து ஈஸ்டர் தீவு வரை எங்கள் சொந்தக்காரர்களாம். இத்தனை சொந்தம் இருந்தும் தைப்பூன் புயல் அடித்துக் கூரை போனபோது ஒருத்தரும் எட்டிப் பார்க்கவில்லை என்றார் அப்பா.

எலிசியோ அவன் மொழியைத் தேடினான். பெரிய தீவின் மற்றப் பழங்குடி மொழிகளெல்லாம் ஒரு பக்கம் இருக்க, தாவ் மட்டும் தெற்கே தள்ளி, இவாத்தானோடு ஒரே கொம்பில் தொங்கியது. அவன் முகத்தில் அப்படி ஒரு மலர்ச்சி. அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார், கழற்றிவிட்டுப் பார்த்தார்.

"படம் போட்டவன் தலைகீழாப் போட்டிருக்கான்," என்றார்.

பிறகு விஷயத்துக்கு வந்தார் சுவாங். தாவ், இவாத்தான், சீனம் என்று மூன்று மொழி குழந்தைக்குப் பாரம். ஒன்றை வைத்துக்கொண்டு மற்ற இரண்டையும் நிறுத்துங்கள். எதை வைத்துக்கொள்வது என்று கேட்டேன். சீனம்தான், பள்ளிக்கூடம் போகணுமே என்றார். அதோடு நிறுத்தியிருக்கலாம். தாய்மொழியையும் மதிக்கிறாராம், அதற்காக ஒரு பரிசு. சொல் எழுதிய படச் சீட்டுகள், ஒரு கட்டு.

பிரித்தேன். ஒரு சொல்கூடப் புரியவில்லை. ஆமிஸ் மொழி. பெரிய தீவின் கரையில் பேசுவது.

சொன்னேன். "அதனாலென்ன, எல்லாம் ஒரே குடும்பம்தானே," என்றார்.

மார்ச் 12

ஒரே குடும்பமாம். அவர் வீட்டுக் குழந்தை ஆங்கிலம் படிக்கும்போது ஜெர்மன் சீட்டைக் கொடுத்து, ஆங்கிலத்துக்கு ஒன்றுவிட்ட தம்பிதானே என்று சொல்லிப் பார்க்கணும்.

மார்ச் 15

இத்தனை எகத்தாளம் பேசுகிறேனே, ராத்திரி படுத்தால் என்ன தோன்றுகிறது தெரியுமா? அவர் சொல்வது உண்மையாக இருந்தால்? நான்தான் கெடுத்தேனா? வயிற்றில் இருந்தபோதே மூன்று மொழியில் பேசினேனே. காது பற்றியும் பயம் வந்துபோனது. ஆனால் போன் வரவில்லை. வரவில்லையென்றால் நல்லபடி. இடி இடித்தாலும் ரபின் எழுந்திருப்பதில்லை. "தைப்பூனையே தூங்கித் தோற்கடிச்சவ" என்று அப்பா தெருவெல்லாம் பெருமை அடிக்கிறார்.

நாளையிலிருந்து சீனம் மட்டும்.

மார்ச் 20

பல் தேய்க்கும்போது, கிழங்கு உரிக்கும்போது, எல்லாவற்றுக்கும் சீனம். வானொலியில் செய்தி வாசிப்பவள் குழந்தை வளர்ப்பது மாதிரி இருக்கிறது. பாட்டை நிறுத்திவிட்டேன். சீனத்தில் எனக்குத் தாலாட்டு தெரியாது, விளம்பரப் பாட்டுதான் தெரியும்.

எலிசியோ ரபினோடு இவாத்தான் பேசுவதில்லை. சீனம் அவனுக்கு அரைகுறை, அதனால் பேசுவதே இல்லை. அவன் வாயிலிருந்து அவள் எதிரில் வருவது ஒன்றுதான், தெருமுனையிலிருந்து என்னைக் கூப்பிடும் கத்தல்.

அப்பா மட்டும் ஒத்துழைக்க மறுக்கிறார். அவள் பக்கத்தில் உட்கார்ந்து தாவில் பேசிக்கொண்டே இருக்கிறார். கேட்டால், நான் எனக்கே பேசிக்கறேன், அவளை யார் கேக்கச் சொன்னது என்கிறார்.

ஏப்ரல் 2

சாப்பிடும்போது அப்பா சொன்னார். பெரிய தீவிலிருந்து யாரோ ஒருத்தி அடிக்கடி போன் பண்ணி, இல்லாத ஆளைக் கேட்கிறாளாம். "அப்படி யாரும் இங்க இல்லைன்னு வச்சுட்டேன். மறுபடி பண்றா. மரியாதை தெரியாதவ." காப்பீடு விற்பவர்களாக இருக்கும் என்றேன். நீங்கள் பேசினால் அவர்களே ஓடிப்போவார்கள் என்றேன். சிரித்தோம்.

ஏப்ரல் 9

பெரிய தீவில் இருக்கும் தாய்துங்கில் சுவாங் நடத்திய தாய்மார் கூட்டம். பேச்சு தாமதமான குழந்தைகளுக்காக. விமானம் மேகத்தில் ஏறி இறங்கியதில் ரபின் காதைப் பிடித்துக்கொண்டு அழுதாள். எல்லாக் குழந்தையும்தான் அழுதது.

ஆளுக்கொரு பழங்குடி: ஒரு ஆமிஸ் அம்மா, ஒரு பைவான் அம்மா, ஒரு புனுன் அம்மா, நான். வட்டமாக உட்காரவைத்தார் சுவாங். "நீங்க எல்லாம் உங்க மொழியிலேயே மனசுவிட்டுப் பேசிக்குங்க, நான் வெளியே இருக்கேன்," என்று பெருந்தன்மையோடு கதவைச் சாத்திக்கொண்டு போனார்.

நால்வரும் ஒருவரையொருவர் பார்த்தோம். பிறகு சீனத்தில் பேசினோம்.

என்னதான் ஒற்றுமை இருக்கிறது, பார்ப்போம் என்று ஆமிஸ்காரி ஐந்து விரலை நீட்டினாள். ஐந்துக்கு அவள் மொழியில் லிமா. பைவானுக்கும் லிமா. எனக்கும் லிமா. புனுன்காரிக்கு ஹிமா. என் வீட்டுக்காரனுக்கு திமா என்றேன். ஆளுக்கொரு கையைத் தூக்கிக்கொண்டு சிரித்தோம். ஆறாயிரம் வருஷமாகப் பிரிந்தும் கை மட்டும் கைவிட்டுப் போகவில்லை. அதற்குமேல் போனால், ஒருத்தி பேசுவது மற்றவளுக்குக் குருவிச் சத்தம்.

வாசலில் பைவான்காரி சொன்னாள்: "எனக்கும் நிறுத்தத்தான் சொன்னாங்க. நிறுத்தினேன். இவன் சீனத்துலயும் பேசல. இப்ப ரெண்டும் இல்ல."

 

ஏப்ரல் 17

ரபினைக் கூப்பிட்டேன். திரும்பவில்லை. முன்பெல்லாம் என் மடியில் உட்கார்ந்து, என் நெஞ்சில் தலையை வைத்து ஒரு முனகல் முனகுவாளே, அதுவும் இல்லை. நான் பாடுவதை நிறுத்தியதிலிருந்து.

ஏப்ரல் 26

 ஒழுங்காக எழுதணும்.

காலையில் போன் மணி. அப்பா படகுப் பக்கம் போயிருந்தார். எலிசியோ எடுத்தான். "சி லமோயன் இருக்காங்களா?" "லமோவா? என் பொண்டாட்டிதான். இருங்க."

ஆஸ்பத்திரி. காதுப் பிரிவு. மார்ச் மாதத்திலிருந்து கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார்களாம். ரபினின் இரண்டு காதிலும் உள்ளே நீர் கட்டியிருக்கிறது, மறுபடி பார்க்கணும், உடனே அழைத்து வாருங்கள். ஒவ்வொரு முறையும் ஒரு பெரியவர் எடுத்து, அப்படி யாரும் இங்கே இல்லை என்று சொல்லிவிட்டாராம். நம்பரைத் தப்பாக எழுதிக்கொண்டோமோ என்று நினைத்தார்களாம்.

அவளுக்குக் கேட்கவில்லை. தாவ் கேட்கவில்லை, இவாத்தான் கேட்கவில்லை, சீனம் கேட்கவில்லை. மடகாஸ்கர் வரை மரம் வரைந்தார்களே, எந்தக் கிளையில் குற்றம் என்று நாங்களும் ஏறி ஏறித் தேடினோமே, ஒருத்தராவது— ஒருத்தராவது அந்தப் பிள்ளை காதுக்குள்ள பாக்கணும்னு நினைச்சோமா? போன் வரலன்னு நான் நிம்மதியாத் தூங்கினேன். வந்துக்கிட்டே இருந்திருக்கு.

ஏப்ரல் 27

நேற்று அப்பாவிடம் கத்தினேன். சொல்லக்கூடாததெல்லாம் சொன்னேன். என் பெயர் உங்களுக்குத் தெரியாதா, நீங்கள் வைத்த பெயர்தானே என்றேன்.

அப்பா சொன்னார்:

"அந்தப் பேரைச் சொல்லி உன்னைக் கேட்டா என்ன அர்த்தம்? உனக்குப் பிள்ளை இல்லைன்னு அர்த்தம். ரபின் இல்லைன்னு அர்த்தம். அதுக்கு என் வாயால 'ஆமா, இருக்கா'ன்னு எப்படிச் சொல்லுவேன்?"

 அவர் ஒவ்வொரு முறையும் போனை வைத்தது ரபினைக் காப்பாற்றத்தான். எல்லோரும் அவளைக் காப்பாற்றிக்கொண்டேதான் இருந்திருக்கிறோம். சுவாங் என் மொழியிலிருந்து, மாமியார் என் தொண்டையிலிருந்து, அப்பா என் பெயரிலிருந்து. ஊர் வழக்கம் தெரியாத ஒருத்தன் வீட்டில் இருந்ததால் பிழைத்தாள்.

எலிசியோ இதைச் சொல்லிக் காட்டுவான் என்று காத்திருந்தேன். காட்டவில்லை. அப்பாவின் தட்டில் மீனின் நல்ல பாகத்தை வைத்தான். அப்பா சாப்பிடவில்லை. தள்ளிவிடவும் இல்லை.

மே 8

தாய்துங். காதுக்குள் அரிசி மணியைவிடச் சின்னக் குழாய் வைத்து நீரை வடித்துவிட்டார்கள். சின்ன வேலை என்றார் டாக்டர். இத்தனை நாள் தண்ணீருக்கு அடியிலிருந்து கேட்பது போலத்தான் அவளுக்கு எல்லாம் கேட்டிருக்குமாம். பக்கத்தில் பேசினாலும் மங்கலாகத்தான், உரக்கக் கத்தினால் மட்டும் கொஞ்சம்.

நாங்கள் வீட்டில் எத்தனை மொழி பேசலாம் என்று கேட்டேன். அவர் புரியாமல் பார்த்தார். "எத்தனை தெரியுமோ அத்தனை பேசுங்க. அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?"

மே 9

பாத்திர மூடி விழுந்தது. ரபின் திடுக்கிட்டு அழுதாள். நான் சந்தோஷத்தில் இன்னொன்றையும் கீழே போட்டேன்.

மே 19

மறுபடி பாடுகிறேன். தாவில், கர்ண கடூரமாக. என் நெஞ்சிலிருந்து தலையை எடுத்துவிட்டு என் வாயைப் பார்க்கிறாள். இது இங்கிருந்துதான் வருகிறதா என்று கேட்பது போல.

எலிசியோவும் அப்பாவும் அவளுக்கு இரண்டு பக்கமும் உட்கார்ந்துகொண்டு தண்ணீரைக் காட்டுகிறார்கள். ரனோம். தனும். ரனோம். தனும். பந்தயம் நடக்கிறது. தோற்றவர் வெள்ளாடு வெட்டணுமாம். அவள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுத் தண்ணீரைக் கவிழ்த்தாள்.

ஜூன் 2

சுவாங் போன் பண்ணினார். ரொம்பச் சந்தோஷமாம். முதல் வார்த்தை வந்ததும் அது எந்த மொழி என்று தனக்குச் சொல்லணுமாம், மற்றவர்களுக்கு எடுத்துக்காட்டாக இருக்குமாம். ஆமிஸ் சீட்டுகள் பயன்பட்டனவா? பயன்பட்டன என்றேன். மேஜையின் ஒரு கால் குட்டை.

ஜூன் 14

சாயங்காலம். நான் முற்றத்தில் மீன் காயவைத்த கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தேன். அப்பா நிழலில். ரபின் வாசற்படியில். எலிசியோ இன்னும் வரவில்லை, தெருவில் சத்தம் இல்லை.

"லமோ."

எலிசியோவின் குரல் இல்லை. சின்னக் குரல்.

திரும்பினேன். வாசற்படியில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். மறுபடியும், அவன் இழுப்பது போலவே கடைசியில் இழுத்து, "லமோ."

தாவில் அம்மாவுக்குச் சொல்லும் இனா இல்லை, அம்மா என்று வேறெந்த மொழியிலும் இல்லை. ரனோமும் இல்லை, தனுமும் இல்லை. இந்த வீட்டில் யாரும் சொல்லக்கூடாத ஒரே வார்த்தை.

நான் அப்பாவைப் பார்த்தேன். ஊருக்குள் யார் சொல்லியிருந்தாலும் எழுந்து போய்ச் சண்டை போட்டிருப்பார். கையில் இருந்த வலையைக் கீழே வைத்தார். தொண்டையைச் செருமினார்.

"எனக்குச் சரியாக் கேக்கல," என்றார். "இன்னொரு தடவை சொல்லச் சொல்லு."